குடைக்காரனின் இடது கால்

துஷாந்த் அன்று காலையிலிருந்து ஒரு காகித மனிதனின் முழங்காலை நகர்த்திக்கொண்டிருந்தான். நகர்த்தல் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை, ஓர் அரிசிமணி அகலம். நகர்த்துவான், கையை எடுப்பான், மூச்சைப் பிடித்துக்கொண்டு கமராவின் பொத்தானை அழுத்துவான், பிறகு மறுபடியும் ஓர் அரிசிமணி அகலம். ஒரு வினாடிக்குப் பன்னிரண்டு படம். காலை எட்டு மணிக்குத் தொடங்கி மத்தியானம் இரண்டு மணியாகியும், குடைக்காரன் கண்டி வாவியின் சுவர் ஓரமாக எட்டே வினாடிதான் நடந்திருந்தான். இரத்தமும் சதையுமான ஒருவன் அந்த நேரத்துக்குள் குண்டசாலையிலிருந்து தெல்தெனியவுக்கு நடந்தே போய்ச் சேர்ந்து, சாப்பிட்டுக் கையும் கழுவியிருப்பான்.

வீட்டின் பின்னறைதான் அவனுடைய வேலைத்தலம். வெளிச்சம் வரக்கூடாதென்று ஜன்னல்களில் கறுப்புப் பொலித்தீன். காகிதம் பறக்கும் என்பதால் மின்விசிறி போடக்கூடாது. இரண்டு பல்புகளின் சூடு முதுகில் இறங்கும். நாற்பத்தைந்து வயதில் கழுத்து ஒரு பக்கம் திரும்ப மறுத்தது, கண் மாலையானால் எரிந்தது, வலது கை நடுவிரல் சிலவேளை தன்பாட்டில் ஆடியது. கை ஆடினால் படம் ஆடும். அதனால் கை ஆடுகிறபோது அவன் சும்மா உட்கார்ந்து காத்திருப்பான். இந்தப் படத்துக்கு அவன் காத்திருந்த நேரத்தைத் தனியாகக் கூட்டினால் அதுவே ஒரு வருஷம் வரும்.

பத்தொன்பது வருஷத்தில் ஆறு படம். ஆறையும் சேர்த்து ஓட்டினால் முப்பத்தெட்டு நிமிஷம். பழைய பஸ் டிக்கெட், சோடாப் போத்தல் லேபிள், தீப்பெட்டி அட்டை, கடைகளில் சாமான் சுற்றி வரும் பழுப்புத் தாள், இவற்றை வெட்டி ஒட்டித்தான் அவன் பழைய கண்டியைக் கட்டினான். கையால் எழுதிய பெயர்ப்பலகைகள், மரச்சட்டம் வைத்த பஸ்கள், மஞ்சள் வெளிச்சத்தில் பஸ் நிலையம். அந்தப் பஸ் நிலையத்தில் உண்மையிலேயே நின்று பஸ் பிடித்தவர்களுக்கு மூத்திர நாற்றமும் நெரிசலும்தான் ஞாபகம் இருக்க வேண்டும். ஆனால் துஷாந்தின் படத்தைப் பார்த்ததும் அவர்களும் மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "அந்தக் காலம் அந்தக் காலம்தான்" என்றார்கள். முதலில் அது அவனுக்குச் சந்தோஷமாக இருந்தது. இப்போது கேட்டாலே களைப்பு வருகிறது. அந்தக் காலத்தைத் திரும்பத் திரும்ப வெட்டி ஒட்டுகிறவனுக்குத்தான் அதன் பாரம் தெரியும்.

ஆறு படத்திலும் ஒரே நாயகன், குடைக்காரன். முகம் கிடையாது. பழுப்புத் தாள் உடம்பு, கையில் மடித்த குடை, ஒரு நொண்டல் நடை. ஒரு கால் முழங்கால் மடியாது. அந்த மூட்டில் மட்டும் துஷாந்த் நூலை இறுக்கிக் கட்டியிருந்தான். குடைக்காரன் டவுனுக்குப் போவான், ஏதாவது நடக்கும், வீட்டுக்குத் திரும்புவான். கதை அவ்வளவுதான். பல்கலைக்கழகத்தில் படிப்பிக்கும் சுபாஜினி அந்த நொண்டலைப் பற்றி மட்டும் பன்னிரண்டு பக்கத்தில் ஒரு கட்டுரை எழுதியிருந்தாள். ஒரு கால் இன்றில் நடக்கிறதாம், மற்றக் கால் நேற்றில் இழுபடுகிறதாம். துஷாந்த் அதைப் படித்துவிட்டு, "ரொம்ப சரியா எழுதியிருக்கீங்க" என்று சொன்னான். சொன்னபோது அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

அடுத்த சனிக்கிழமைக்கு மறு சனிக்கிழமை கண்டி டவுனில் ஒரு சிறிய மண்டபத்தில் ஆறு படத்தையும் காட்டி, முடிவில் இந்த ஏழாவதையும் காட்டுவதாக ஏற்பாடு. சுபாஜினிதான் மேடையில் கேள்வி கேட்கப் போகிறாள். அவன் படித்த பள்ளிக்கூடத்தின் பழைய மாணவர்கள் ஒரு வரிசை முழுக்கப் பிடித்து வைத்திருந்தார்கள். மிச்சம் இருந்தது கடைசிக் காட்சி மட்டும். குடைக்காரன் வாவி ஓரமாக வீட்டுக்குத் திரும்புகிறான்.

"ஒங்க ஆளு என்னைக்குத்தான் வீடு வந்து சேருவாரு?" என்று மனைவி நிரோஷினி காலையில் கேட்டாள். அவள் மாநகர சபையில் எழுதுவினைஞர். ஞாயிற்றுக்கிழமை என்பதால் வீட்டில் இருந்தாள். "அவருக்கும் சேத்துச் சோறு போடணுமான்னு சொல்லிருங்க" என்றாள்.

இரண்டரை மணிபோல மழை பிடித்தது. கூரைத் தகரத்தில் மழை விழுகிற சத்தத்துக்கு நடுவே வாசலில் ஒரு வேன் வந்து நின்ற சத்தமும், "வாங்க நானா" என்ற நிரோஷினியின் குரலும் கேட்டன. "உள்ளதான் இருக்காரு. கதவத் தட்டிட்டுப் போங்க, இல்லாட்டி திடுக்கிட்டு எல்லாத்தையும் ஆட்டிப்புடுவாரு."

வந்தவன் ஸிபான். அண்ணன் என்கிற முறையில் நிரோஷினி அவனை நானா என்றுதான் கூப்பிடுவாள். அக்குறணை மெயின் ரோட்டில் பெயின்ட், குழாய், கண்ணாடி விற்கிற கடை வைத்திருக்கிறான். துஷாந்தோடு ஆறாம் வகுப்பிலிருந்து ஒன்றாகப் படித்தவன். கண்ணாடித் தட்டுகளைச் சுற்றி வரும் பழுப்புத் தாளைக் கசங்காமல் சுருட்டி வைத்து, மாதத்துக்கு ஒருமுறை கொடுத்தனுப்புகிறவன். பதினைந்து வருஷமாகக் குடைக்காரனுக்கு உடம்பு கொடுத்துக்கொண்டிருப்பது அந்தத் தாள்தான். ஆனால் ஸிபான் இந்த அறைக்கு வந்தது இதுவே முதல் தடவை.

கதவு தட்டப்பட்டபோது துஷாந்த் கமராவில் கண்ணை வைத்திருந்தான். "வாடா, உக்காரு, ஒரு நிமிசம்" என்றான், திரும்பாமலே. ஸிபான் கதிரையை இழுத்து மேசைக்கு எதிரே உட்கார்ந்து, மேசையிலிருந்து தரைவரை தொங்கும் கறுப்புத் துணிக்கு அடியில் கால்களை நீட்டிக்கொண்டான்.

"இந்த முற தாள் இல்லையா?"

"தாளுக்கு வரல்ல."

துஷாந்த் அப்போதுதான் நிமிர்ந்து அவன் முகத்தைப் பார்த்தான். நரைத்த தாடிக்குள் வாய் இறுகியிருந்தது. கோபம் என்று சொல்ல முடியாது. கோபப்பட்டு முடித்து, அதுவும் அலுத்துப்போன முகம்.

ஸிபான் சட்டைப்பையிலிருந்து போனை எடுத்து மேசையில் வைத்தான். "றம்லத் காட்டின" என்றான். றம்லத் அவன் மனைவி. "யாரோ ஒன்ட படத்துல ஒரு துண்ட வெட்டி, பாட்டுப் போட்டு அனுப்பியிருக்காங்க. குடையோட ஒருத்தன் நடக்கான். 'இஞ்ச பாருங்க, இது நீங்கதானே'ண்டு கேட்டா. மொகம் இல்ல, தாடி இல்ல, பேரு இல்ல. நட மட்டும்தான். இருவது வருஷம் என்னோட வாழ்ந்த மனுசி, ஒரு பார்வைல சொல்லிட்டா."

துஷாந்த் போனைத் தன் பக்கம் திருப்பிப் பார்த்தான்.

"அவ மட்டுமில்ல. பக்கத்துப் போன் கடைல வேல செய்றவனுகள் இப்ப நான் தொழப் பள்ளிக்குப் போகக்கொள்ள குடைய எடுத்துட்டுப் பின்னால நடக்கானுகள். நான் ஏசிப் பாத்த. பொறகு விட்டுட்ட. ஒவ்வொரு நாளும் ஏச ஏலாதே."

"அது யாரும் இல்லடா" என்றான் துஷாந்த். "ஒரு பொது மனுசன். நம்ம எல்லாரும்தான்." வெளிநாட்டு விழாக்களில் சொல்லிச் சொல்லி வாய்க்குப் பழகிய பதில் அது. அறையில் அதைச் சொன்னபோது அவனுக்கே கேவலமாக இருந்தது.

"பொது மனுசனுக்கு எதுக்கு என்ட கால்?"

மழை பலத்தது. பல்புகள் ஒருமுறை மங்கிச் சரியாகின. அந்த நேரம் பொத்தானை அழுத்தியிருந்தால் படம் கெட்டிருக்கும். துஷாந்த் அதைக் கவனித்தான். கவனித்ததற்காகத் தன்மேல் எரிச்சல்பட்டான்.

"நான் ஆறு படத்தையும் பாத்த" என்றான் ஸிபான். "கடைல ஆள் இல்லாத நேரம், ரெண்டு நாளா. பாத்திட்டு ஒன்டு கேக்கத்தான் வந்த. எந்தக் கால் மச்சான்?"

"என்ன?"

"எனக்கு ஏலாத கால். எந்தக் கால்?"

துஷாந்த் வாயைத் திறந்தான். பார்வை தானாகக் கீழே போனது. கீழே கறுப்புத் துணி தொங்கிக்கொண்டிருந்தது. பரவாயில்லை, பார்க்கத் தேவையில்லை, தெரிந்ததுதானே என்று நினைத்தான். பத்தொன்பது வருஷமாகத் தினமும் தொடுகிற கால். ஆனால் மனதில் ஸிபான் வரவில்லை. வந்தது குடைக்காரன். அவன் டவுனுக்குப் போனான், திரும்பி வந்தான், மறுபடி போனான். போகும்போது ஒரு கால், வரும்போது ஒரு கால்.

"வலது" என்றான். சொன்ன கையோடு, "இல்ல, பொறு" என்றான்.

நிரோஷினி பிளேன்டீ கொண்டுவந்தாள். கதவருகில் கேள்வி காதில் விழுந்திருக்க வேண்டும். "இடது" என்றாள் சாதாரணமாக. "கிளச்ச மிதிக்க ஏலாதுன்னுதானே நானா ஓட்டோ கியர் வேன் எடுத்தாரு. ஒங்களுக்குத் தெரியாதா?" கேட்டுவிட்டுக் கோப்பைகளை வைத்தாள். இரண்டு பேரின் முகத்தையும் பார்த்து, மேலே ஒன்றும் கேட்காமல் போய்விட்டாள்.

ஸிபான் டீயைத் தொடவில்லை. "ஒன்ட ஆள் டவுனுக்குப் போகக்கொள்ள இடது கால் நொண்டி. ஊட்டுக்குத் திரும்பக்கொள்ள வலது கால் நொண்டி. ஆறு படத்துலயும் அப்பிடித்தான். டவுனுல எங்கயும் கால மாத்திக் குடுக்கிற கடை ஈக்கா?"

இந்த நையாண்டிக்குச் சிரிக்க வேண்டுமா என்று துஷாந்துக்குத் தெரியவில்லை. அவன் எழுந்து அலுமாரியைத் திறந்து இன்னொரு குடைக்காரனை எடுத்தான். இரண்டு பேர் இருந்தார்கள். திரையில் இடது பக்கமாக நடக்கிற 'போற ஆள்', வலது பக்கமாக நடக்கிற 'வர்ற ஆள்'. முதலில் செய்தது போற ஆளைத்தான். வர்ற ஆளைச் செய்யும்போது, முதலாவது ஆளின் வரைபடத்தைக் கண்ணாடிமேல் குப்புறப் போட்டு, கீழே விளக்கு வைத்து, கோடு கோடாகப் பிரதி எடுத்தான். குப்புறப் போட்டால் எல்லாமே கண்ணாடியில் பார்க்கிற மாதிரி மாறிவிடும். பார்க்கிறவர் பக்கம் இருக்கிற கால்தான் நொண்டிக் கால் என்று மனதில் பதிந்துபோனதால், இந்த ஆளுக்கும் முன்னால் தெரிகிற காலையே இறுக்கிக் கட்டினான். இடது வலதாயிற்று. நாலு நாட்டு நடுவர்கள் பார்த்தார்கள், சுபாஜினி பன்னிரண்டு பக்கம் எழுதினாள், அவன் ஆயிரக்கணக்கான தடவை தொட்டான். ஒருவருக்கும் தெரியவில்லை. அந்தக் காலோடு நடக்கிறவனுக்கு இரண்டே நாளில் தெரிந்துவிட்டது.

"நான் ஒன் நடையப் பாத்தது ஒரே ஒரு தடவதான்" என்றான் துஷாந்த். 

அது உண்மை. பதின்மூன்று வயதில், ஆஸ்பத்திரியிலிருந்து வந்து ஸிபான் முதல் நாள் பள்ளிக்கூடம் வந்தபோது, மேல்மாடி வகுப்பு ஜன்னலிலிருந்து துஷாந்த் பார்த்துக்கொண்டிருந்தான். மழைக்காலம். ஸிபான் வாப்பாவின் பெரிய கறுப்புக் குடையை ஊன்றிக்கொண்டு மைதானத்தைக் கடந்து வந்தான். அதற்குப் பிறகு துஷாந்த் அவன் நடப்பதைப் பார்ப்பதை விட்டுவிட்டான். சேர்ந்து போகும்போது பக்கத்திலேயே ஒட்டி நடப்பான், முன்னால் பார்த்துப் பேசிக்கொண்டே போவான். பிறகு ஸிபான் கடை வைத்தான், கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்தான். வேன் வாங்கினான், ஸ்டியரிங்குக்குப் பின்னால் உட்கார்ந்தான். பார்க்காமல் இருப்பது சுலபமாகிவிட்டது. அந்த ஒரு பார்வையை வைத்துக்கொண்டுதான் துஷாந்த் ஆறு படம் செய்தான்.

ஏன் பார்க்கவில்லை என்பதும் இரண்டு பேருக்கும் தெரியும். பள்ளிக்கூடம் விட்டு மாத்தளை ரோட்டு பஸ்ஸில் இருவரும் ஒன்றாகப் போவார்கள். துஷாந்த் கட்டுகஸ்தோட்டையில் இறங்குவான், ஸிபான் அக்குறணைக்குப் போவான். அன்று துஷாந்தின் கணக்குப் புத்தகத்தில், ஒவ்வொரு பக்கத்தின் மூலையிலும் ஒரு சின்ன மனிதன் இருந்தான். பக்கங்களை விரலால் சரசரவென்று தள்ளினால் அவன் ஓடுவான். பஸ் நெரிசலில் அதைக் காட்ட முடியவில்லை. கட்டுகஸ்தோட்டையில் பஸ் நிற்காமல் மெதுவாகி நகர்ந்தது. துஷாந்த் குதித்தான். குதித்துவிட்டு, மிதிபலகையில் நின்ற ஸிபானைப் பார்த்து, "நீயும் குதி, காட்டுறேன், குதிடா" என்று கத்தினான். பஸ் வேகம் எடுத்தது. ஸிபான் குதித்தான். பின்சக்கரம் காலில் ஏறியது.

ஆஸ்பத்திரியில் ஸிபானின் வாப்பா கேட்டார், "யாராவது குதிக்கச் சொன்னாங்களா மகன்?" துஷாந்த் இல்லை என்று தலையாட்டினான். கட்டிலில் கிடந்த ஸிபானும் ஒன்றும் சொல்லவில்லை. கூட்டாளியைக் காட்டிக்கொடுப்பது அந்த வயதில் பெரிய பாவம். அதற்குப் பிறகு முப்பத்திரண்டு வருஷம் அந்தப் பேச்சே இரண்டு பேருக்கும் இடையில் வரவில்லை.

"குதின்னு சொன்னது நான்தான்" என்றான் துஷாந்த்.

"எனக்கா சொல்ற?" என்று கேட்டான் ஸிபான். "எனக்குத் தெரியாதா? என்ட காதுக்குத்தானே சொன்ன."

"நீ ஏன்டா யார்கிட்டயும் சொல்லல?"

"நீ சொல்லுவண்டு நான் இருந்த. பொறகு நீ சொல்லாததே பழகிட்டு." ஸிபான் தாடியைத் தடவினான். "வாப்பா கண்ண மூடி மவுத்தாகிற மட்டும் என்னத்தான் ஏசின. மடையன் மாதிரி ஓடுற பஸ்ஸால குதிச்சானாம், புத்தியில்லாதவனாம். கலியாணம் பேச வந்த ஆக்களுக்கும் அதத்தான் சொன்ன. ஸ்கூல்ல இன்டைக்கும் கேட்டுப்பாரு, பஸ்ஸால பாஞ்ச ஸிபான்டுதான் பேர். காலுக்கு நான் கவலப்படல்ல மச்சான். அது என்னோட ஈக்கிற கால். மடையன்டு பேர் வாங்கினதுதான்."

 முப்பத்திரண்டு வருஷமாகத் துஷாந்த் பயந்தது காலுக்கு. பழி வேறு இடத்தில் இருந்தது, அது அவனுக்குத் தெரியவே இல்லை. வெட்கமாக இருந்தது. அந்த வெட்கத்தையும் தாண்டி, கூரை விழுந்தாலும் இந்தக் கதிரையை விட்டு எழும்ப முடியாது என்பது போல ஓர் அசதி வந்தது.

"நான் என்னடா செய்யணும்? இந்தப் படத்த நிப்பாட்டிரவா?"

"அவ்வளவு நாள் குனிஞ்சு கெடந்துட்டு எதுக்கு நிப்பாட்டுற?" என்றான் ஸிபான். "ஸ்கூல் ஆக்கள் எல்லாம் வாற. எனக்கும் கடிதம் வந்த. நானும் வருவன். அவங்களுக்கு முன்னுக்கு எந்தக் கால்ண்டாவது சரியாக் காட்டு. மத்தது ஒன்ட விருப்பம்."

மத்தது என்ன என்று துஷாந்த் கேட்கவில்லை.

"நட" என்றான் திடீரென்று. "ஒரு தடவ நடந்து காட்டுடா. பாக்கணும்."

ஸிபான் அவனை ஒரு மாதிரிப் பார்த்தான். பிறகு மேசையைப் பிடித்து எழுந்து, நடைவழிக்குப் போய், குசினிக் கதவிலிருந்து வாசல் கதவுவரை நடந்தான். திரும்பி வந்தான். துஷாந்த் கதவு நிலையில் சாய்ந்து பார்த்தான். முதல் தடவை கண் தானாக விலகியது, இழுத்துக் கொண்டுவந்தான். நிரோஷினி குசினியில் தேங்காய் துருவுவதை நிறுத்திவிட்டு நின்றாள்.

போகும்போது இடது கால் இந்தப் பக்கம் இருந்தது, எல்லாம் வெளியே தெரிந்தது. கால் வளைவாக வீசி வந்து பதிந்தது. திரும்பி வரும்போது அது அந்தப் பக்கம் போய்விட்டது. நல்ல கால் அதை மறைத்தது. நொண்டல் காலில் தெரியவில்லை. தோள் ஒன்று மட்டும் அடிக்கடி தாழ்ந்து எழுந்தது. பக்கவாட்டில் பார்க்கிறவனுக்கு அது யாரோ களைத்துப்போய் வீட்டுக்கு வருகிற நடை, அவ்வளவுதான்.

"இதத்தான் நான் ஒருநாளும் பாக்கல" என்றான் துஷாந்த்.

அறைக்குத் திரும்பியதும் அவன் கணக்குப் போட்டான். வர்ற ஆளைப் புதிதாக வரைந்து வெட்டிக் கட்டுவதற்கே ஒரு கிழமை. அதற்குப் பிறகு எடுப்பதற்கு நாளில்லை. அவன் யோசித்துக்கொண்டு நிற்கும்போது ஸிபான் போற ஆளை இரண்டு விரலால் தூக்கினான். குழாய் விற்கிறவனுக்கு எதையும் திருப்பிப் பார்க்கிற பழக்கம்.

"இவனையே பெரட்டிப் போட்டா ஏலாதா?"

"ஏலாதுடா. பின்பக்கம் ஒண்ணுமே இல்ல. சட்டை வரையல, நூல் முடிச்செல்லாம் வெளிய கெடக்கும், பசை…" சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஸிபான் ஆளைக் கவிழ்த்து மேசையில் வைத்தான். குடைக்காரன் வலது பக்கம் பார்த்து நின்றான். மேலே இருந்த இறுக்கிக் கட்டிய கால் அடியில் போயிருந்தது. நல்ல கால் அதை மறைத்தது. இடது கால் இடது காலாகவே இருந்தது.

வெறுமனே புரட்டிப் போட்டிருந்தால் பத்தொன்பது வருஷமும் சரியாக வந்திருக்கும். சோம்பேறிகூட அதைத்தான் செய்திருப்பான். அழகாக இருக்க வேண்டும் என்று மினக்கெட்டதுதான் பிழை.

முதுகில் முடிச்சுகள் கறுப்பாகத் துருத்திக்கொண்டிருந்தன. பசை காய்ந்த திட்டுகள். தோளுக்குக் கீழே பென்சிலால் ஒரு குழாய் அளவு எழுதியிருந்தது. ஸிபான் குனிந்து பார்த்தான்.

"இது என்ட எழுத்து" என்றான். பிறகு ஆறிப்போன டீயை எடுத்துக் குடித்தான்.

அதற்குப் பிறகு பன்னிரண்டு நாள். துஷாந்த் அலுவலகத்துக்குப் போகிறவன் மாதிரிக் காலையில் அறைக்குள் போனான், மாலையில் வெளியே வந்தான். கடைசிக் காட்சி முழுவதையும் முதலிலிருந்து எடுத்தான். ஏற்கெனவே எடுத்த எட்டு வினாடியை அழித்தான். காலை நகர்த்துகிற வேலை குறைந்துவிட்டது. தோளை நகர்த்த வேண்டியிருந்தது, அதோடு குடையின் நுனியை. அடி எடுத்து வைக்கும் ஒவ்வொரு தடவையும் குடை ஓர் அரிசிமணி தாழ வேண்டும். முடிச்சுகளின் நிழல் விழுந்தது, அதை மறைக்கவில்லை. முதல்முறையாகப் படத்தில் பழைய கண்டி அவன் கண்ணில் படவே இல்லை. தோளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். விரல் ஆடியபோது காத்திருந்தான். பத்தாம் நாள் மூன்று தடவை மின்சாரம் போனது. நிரோஷினி சாப்பாட்டைக் கதவருகில் வைத்துவிட்டு, "அவருக்கும் சேத்துத்தான் போட்டிருக்கேன்" என்றாள்.

சனிக்கிழமை மூன்று மணிக்கு மண்டபம் நிறைந்திருந்தது. பழைய மாணவர்கள் ஒருவரையொருவர் பட்டப்பெயரால் கூப்பிட்டுச் சத்தம் போட்டார்கள். "பஸ்ஸால பாஞ்சவரும் வந்திருக்காரு" என்று யாரோ சொல்ல, சிரிப்பு எழுந்தது. ஸிபான் மூன்றாம் வரிசையில் றம்லத்துக்கும் நிரோஷினிக்கும் இடையில் உட்கார்ந்திருந்தான். அவனும் வழக்கம்போலச் சிரித்தான். அந்தச் சிரிப்பை துஷாந்த் இத்தனை வருஷமும் பார்த்திருக்கிறான். இன்றுதான் அது வலித்தது.

ஆறு படமும் ஓடின. வழக்கம்போல மூக்கை உறிஞ்சினார்கள். ஏழாவது ஓடியது. முகமும் சட்டையும் இல்லாமல், முடிச்சும் பசையுமாக, குடைக்காரன் வாவிச் சுவர் ஓரமாக வந்து, வந்து, சட்டத்துக்கு வெளியே போனான். கைதட்டல் கொஞ்சம் தாமதமாக வந்தது.

மேடையில் சுபாஜினி ஒலிவாங்கியைப் பிடித்தாள். கட்டுரை எழுதியவள், கவனித்திருந்தாள். "துஷாந்த், இதில் ஒரு பெரிய மாற்றம் இருக்கிறது. முதல் முறையாகக் குடைக்காரன் நொண்டாமல் வீடு திரும்புகிறான். நினைவின் காயம் ஆறிவிட்டது என்று எடுத்துக்கொள்ளலாமா?"

ஆம் என்று சொன்னால் போதும். அழகான கேள்வி, அழகான பதில், பிறகு டீயும் பிஸ்கட்டும். துஷாந்த் அவ்வளவு களைத்திருந்தான். ஆம் என்கிற சொல் நாக்கு நுனிக்கு வந்துவிட்டது. மூன்றாம் வரிசையைப் பார்த்தான். ஸிபான் அவனைப் பார்க்கவில்லை, வெறும் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"ஆறல" என்றான் துஷாந்த். "அவரு நொண்டாம வரல்ல. ஏலாத கால் இடது கால். திரும்பி வரும்போது அது அந்தப் பக்கம் இருக்கும், நமக்குத் தெரியாது. மத்த ஆறு படத்துலயும் நான் பிழையாக் காட்டிட்டேன். அது நினைவோட காயம் எல்லாம் இல்ல. அது என் கூட்டாளி ஸிபானோட கால். இங்கதான் இருக்காரு."

தலைகள் திரும்பின.  நிறுத்தினால் இனி ஒருநாளும் சொல்லமாட்டான் என்று துஷாந்துக்குத் தெரியும்.

"பஸ்ஸால பாஞ்சவர்னு நம்ம எல்லாரும் சிரிக்கிறோம். அவரு சும்மா பாயல. நான் முதல்ல குதிச்சிட்டுக் கீழ நின்னு குதிடா குதிடான்னு கத்தினேன், அதனாலதான் குதிச்சாரு. நான் வரைஞ்ச ஒரு பொம்மையக் காட்டுறதுக்காக. ஆஸ்பத்திரியில அவரோட வாப்பா என்கிட்டதான் கேட்டாரு. நான் இல்லைன்னு தலைய ஆட்டினேன். அவரு மடையன் இல்ல. நான்தான் கோழை."

ஒருவரும் கைதட்டவில்லை. யாரோ இருமினார்கள். சுபாஜினி அடுத்த கேள்வி எழுதிய தாளைப் பார்த்தாள், பிறகு மடித்துவிட்டாள். றம்லத் முக்காட்டை இழுத்துவிட்டு முதன்முறையாக துஷாந்தை நேராகப் பார்த்தாள். நல்ல பார்வை அல்ல அது. அவளுக்கு அந்த உரிமை இருந்தது. ஸிபான் மட்டும் இன்னும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தான், கீழுதட்டைக் கடித்தபடி.

டீக்கு அவர்கள் நிற்கவில்லை. மழை தூறத் தொடங்கியிருந்தது. ஸிபான் எழுந்து, வரிசையைக் கடந்து, எல்லாரும் பார்க்க வாசலை நோக்கி நடந்தான். கால் வீசி வந்து பதிந்தது. பழைய மாணவர்களில் இரண்டு பேர் எழுந்து வழிவிட்டார்கள். அவன் வேனைக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தி, கண்ணாடியை இறக்கி, "குண்டசாலைக்குத்தானே, ஏறுங்க" என்றான்.

நிரோஷினியும் றம்லத்தும் பின்னால் ஏறினார்கள். துஷாந்த் முன்னால் உட்கார்ந்தான்.  கண்ணாடியில் வைப்பர் போய்ப் போய் வந்தது. பாலம் தாண்டும்போது நிரோஷினி றம்லத்திடம் ஏதோ மெதுவாகக் கேட்டாள், அவள் ஒற்றைச் சொல்லில் பதில் சொன்னாள். ஸிபான் ரோட்டைப் பார்த்து ஓட்டினான். அவன் மனதில் என்ன ஓடுகிறது என்று துஷாந்துக்குத் தெரியவில்லை. ஊகிக்கவும் தெம்பில்லை. மன்னித்தானா இல்லையா என்று கேட்க வாய் வரவில்லை. மன்னிப்புக் கேள் என்று ஸிபான் அவனிடம் வந்ததுமில்லை.

வீட்டுக் கேட்டுக்கு முன்னால் வேன் மெதுவானது. துஷாந்த் களைப்பில், என்ன செய்கிறோம் என்ற யோசனையே இல்லாமல், கதவைத் திறந்து ஒரு காலை வெளியே வைக்கப் போனான்.

ஸிபானின் இடது கை வந்து அவன் சட்டையைப் பிடித்தது.

"பொறு" என்றான் ஸிபான். "வேன் நிக்கட்டும். பொறகு எறங்கு."